பேருக்கு ஒரு வாரிசு

பிறப்புப் பதிவு அலுவலகத்தில் தாத்தா மேசையைத் தட்டினார்.

"குழந்தைக்கு என் பேரை வெச்சா உங்களுக்கு எங்க வலிக்குது?"

"விதி இடம் கொடுக்கல ஐயா," என்றாள் எழுத்தர்.

"நாலு தலைமுறையா எங்க வீட்ல இந்தப் பேருதான். பேரன்ங்கற சொல்லு எப்படி வந்துச்சு? பெயரன்! பாட்டன் பேரைச் சுமக்கறவன். முப்பது வருஷம் அச்சகத்துல பிழை திருத்தினவன், எனக்கே பாடமா?"

"சொல்லு சரிதான் ஐயா. ஆனா இது ஆம்பளப் பேராச்சே? படிவத்துல 'பெண் குழந்தை'ன்னு எழுதியிருக்கீங்களே!"

பக்கத்தில் நின்ற அவர் மகளின் தோளில் கிடந்த குழந்தை சிணுங்கியது. தாத்தாவின் குரல் இன்னும் ஏறியது.

"பேத்தின்னா என்னவாம்? பெயர்த்தி! அதுல மட்டும் பேரு இல்லியா?"

சட்டைப்பையிலிருந்து சிவப்புப் பேனாவை உருவினார்.

"பிழை படிவத்துல இல்லம்மா, உங்க விதியில. கொண்டாங்க, திருத்தித் தரேன்!"