முதல் மூணு

மாசக் கடைசிக்குள் வீட்டைக் காலி செய்தாக வேண்டும். கணவனோ ஒரு கணக்கு வைத்திருந்தான்.

“முதல் மூணு வீடு எவ்வளவு நல்லா இருந்தாலும் வேண்டாம்னுடணும். அப்பத்தான் நல்லது கெட்டது பிடிபடும். அப்புறம் அதையெல்லாம் தூக்கிச் சாப்பிடற மாதிரி ஒண்ணு வந்தா, லபக்குன்னு பிடிச்சுக்கணும்!”

முதல் வீட்டையே மனசில்லாமல் விட்டு வந்த மனைவி, நான்காவது வீட்டின் சமையலறை ஜன்னலைத் திறந்ததும் துள்ளிக் குதித்தாள்.

“ஏங்க, இதுதாங்க நம்ம வீடு!”

“பார்த்தியா என் கணக்கை!” என்று காலரைத் தூக்கிவிட்டுக்கொண்டவன், வீட்டுக்கார அம்மாவிடம் அட்வான்ஸை நீட்டினான்.

அந்த அம்மாவுக்கும் முகமெல்லாம் சிரிப்பு.

“தங்கமான ஜோடி! ஆனா முதல்ல வர்ற மூணு பேருக்கு வீடு தர்றதில்லைன்னு நானும் ஒரு கணக்கு வெச்சிருக்கேன் தம்பி. நீங்க மூணாவது.”