லாவெண்டர் கூடிப்போன மெழுகு

கொதிக்கும் தண்ணீருக்குள் இறக்கிய தகர டப்பாவில் மெழுகு உருகிக்கொண்டிருக்கிறது. வெள்ளைக் கட்டிகள் முதலில் ஓரத்தில் கண்ணாடியாகின்றன, பிறகு மொத்தமும் வெளிறிய எண்ணெயாகிறது. ஜன்னல் வெயில் அதில் பட்டுக் கூரையில் நடுங்குகிறது. அவள் கிளறியபடியே லாவெண்டர் வாசனை எண்ணெய்ப் புட்டியைச் சாய்க்கிறாள். இவ்வளவு மெழுகு இரண்டு மூடிக்கு மேல் தாங்காது என்பது மெழுகுவர்த்தி விற்றே பிழைக்கிற அவளுக்குத் தெரியாததல்ல. ஆனாலும் இன்னொரு மூடி, இன்னும் ஒன்று. உள்ளறையில் கணவனின் கால்புண் ஆறாமல் நாறுகிறது. அக்கா வீட்டில் விட்டிருக்கும் மகள், போன தடவை வந்தபோது அறை வாசலிலேயே மூக்கைப் பொத்திக்கொண்டு நின்றுவிட்டாள். இன்று மறுபடி வருகிறாள்.

“என்னடி, வாசனை ஆளைத் தூக்குது? எனக்கு இன்னொரு கல்யாணம் பண்ணி வைக்கப்போறியா?” என்கிறான் உள்ளேயிருந்து.

“பொண்ணு கிடைக்கணுமே. பேசாம படுங்க.”

கண்ணாடிக் குவளைகளில் ஊற்றுகிறாள். திரி சாய்கிறது, நிமிர்த்துகிறாள். மெழுகு இறுகுவேனா என்கிறது. மேலே எண்ணெய் வியர்வைபோலத் துளிர்த்து நிற்கிறது. ஊதுகிறாள், முந்தானையால் விசிறுகிறாள், பொறுக்காமல் தீக்குச்சியைக் கிழிக்கிறாள். திரி ஒரு கணம் பற்றி, எண்ணெயில் முங்கி அணைகிறது. இன்னொரு குச்சி. அதுவும் அணைகிறது. வாசலில் கார்க் கதவு சாத்தும் சத்தம்.

“அம்மா! இந்தத் தடவை நான் கைக்குட்டை கொண்டுவந்திருக்கேன்!” மகளின் குரலில் அத்தனை பெருமை.

உள்ளறையிலிருந்து, சிரிப்பெல்லாம் வடிந்த குரல் வருகிறது.

“என் ரூம் கதவைச் சாத்திடு.”