சந்தன சோப்பு

நர்கீஸ் புருஷனின் சட்டையை மறுபடியும் முகர்ந்து பார்த்தாள். சந்தேகமே இல்லை, சந்தன சோப்பு. அவள் வீட்டில் ஒருநாளும் வாங்காத சோப்பு.

பாரூக்குக்குத் தோல் ஷாப்பில் வேலை. சுண்ணாம்புத் தொட்டியில் இறங்கி ஆட்டுத்தோலைப் பதப்படுத்துகிறவன். நிக்காஹ் ஆன புதிதில் அந்த நாற்றம் தாங்காமல் அவன் முகத்துக்கு நேரே குமட்டிவிட்டாள். அன்றிலிருந்து கொல்லையில் அண்டா நிறையத் தண்ணீர் வைத்துவிடுவாள்; குளிக்காமல் நிலைப்படி தாண்டக் கூடாது. ஏழு வருஷமாக அவனும் ஒரு வார்த்தை சொன்னதில்லை, நல்ல மனுஷன்.

இப்போது ஆறு மாதமாக அண்டாத் தண்ணீர் அப்படியே கிடக்கிறது. வரும்போதே மணக்க மணக்க வருகிறான்.

பக்கத்து வீட்டுக் காதர் பீவிதான் விஷயத்தைப் போட்டு உடைத்தாள். வேலை விட்டதும் பேகம்பூர்ச் சந்தில் அஜீஸுன்னிசா என்கிற விதவை வீட்டுக்குள் போகிறானாம், பொழுது சாய்ந்து மக்ரிப் பாங்கு சொன்ன பிறகுதான் வெளியே வருகிறானாம். எவளோ ஒரு சிறுக்கி, சந்தனமும் பூவுமாகச் சிங்காரித்து என் குடியைக் கெடுக்கிறாள் என்று நர்கீஸ் பொருமினாள்.

வெள்ளிக்கிழமை ஷாப்புக்கு விடுமுறை. அவன் ஜும்மாவுக்குப் போன நேரம் பார்த்துத் துப்பட்டியைப் போர்த்திக்கொண்டு கிளம்பினாள். இன்றைக்கு ரெண்டில் ஒன்று பார்த்துவிடுவது என்றுதான் போனாள்.

கதவைத் திறந்தவளுக்கு நாற்பத்தைந்து வயதிருக்கும். முன்பல் ஒன்று இல்லை, கையெல்லாம் சுண்ணாம்பு தின்ற வெடிப்பு. அவளும் அதே ஷாப்பில் தோல் காயப்போடுகிறவள்தான். உள்ளேயிருந்து அடித்த வாடையில் நர்கீஸ் தன்னையறியாமல் மூக்கைப் பொத்திக்கொண்டாள்.

போயும் போயும் இவளிடமா! சண்டைக்கென்று வந்தவளுக்கு அழுகைதான் வந்தது. "எங்கிட்ட இல்லாத எதை ஒங்கிட்ட கண்டாக?" என்று கேட்டாள்.

அஜீஸுன்னிசா மறைக்கவில்லை. தான் செய்வது பாவம் என்று தெரியும், அல்லாவுக்குப் பதில் சொல்லித்தான் ஆக வேண்டும் என்று தலைகுனிந்து சொன்னாள்.

முற்றத்துத் தொட்டி விளிம்பில் பாதி கரைந்த சந்தன சோப்பு இருந்தது. நர்கீஸ் அதைக் காட்டி, "இதப் போட்டுத்தான மயக்குன?" என்றாள்.

அஜீஸுன்னிசா நிமிர்ந்து பார்த்தாள். மூக்கைப் பொத்தியிருந்த அந்தக் கையைத்தான் பார்த்தாள்.

"அத நான் தொட்டதே இல்லம்மா. இங்க அவுக வேல விட்ட மேனிக்கே வந்து உக்காருவாக. ஒன் வீட்டுக்குக் கெளம்பும்போதுதான் சோப்பு வேணும்."