சாட்சி மாறிய சலவைக்கடைக்காரர்

"அக்கா, சீக்கிரம் வாங்க! டி.வி.யில உங்க வீட்டுக்காரர்!"

சலவைக்கடைக்காரி இஸ்திரிப் பெட்டியை நிமிர்த்தி வைத்துவிட்டு ஓடி வந்தாள். துணி வாங்க வந்த நாலு பேரும் கழுத்தை எட்டி நீட்டினார்கள்.

ஊரையே உலுக்கிய நர்ஸ் கொலை வழக்கு. பிடிபட்ட லாரி டிரைவருக்குத் தூக்குதான் என்று எல்லோரும் நாள் எண்ணிக்கொண்டிருந்தார்கள். அவன் வீட்டில் போலீஸ் கத்தியை எடுத்தபோது கூட இருந்த சாட்சி, அவள் புருஷன். ஒரு வாரமாக அவளுக்குக் கால் தரையில் பாவவில்லை.

'முக்கிய சாட்சி பல்டி! மறுவிசாரணைக்கு உத்தரவு!'

அவள் டி.வி. சத்தத்தைக் கூட்டினாள்.

கத்தியை அவள் புருஷன் பார்க்கவே இல்லையாம். ஸ்டேஷனுக்கு எதிர்க்கடைதானே என்று உள்ளே கூப்பிட்டு, வெறும் பேப்பரில் கையெழுத்து வாங்கிக்கொண்டார்களாம்.

"நல்லா காசு வாங்கிட்டான்யா!" என்றார் பக்கத்துக்கடை தையல்காரர். "என் துணியைக் கொடும்மா. இனிமே இந்தக் கடைப் படியே ஏறமாட்டேன்."

அரை மணி நேரத்தில் கடை முன்னால் கூட்டம் கூடிவிட்டது. அவன் கோர்ட்டிலிருந்து வந்து இறங்கியதுமே, "துரோகி!" என்று கத்தினார்கள். ஒரு செருப்பு பறந்து வந்து கண்ணாடியில் மோதியது.

அவள் பாய்ந்து அவன் சட்டையைப் பிடித்தாள்.

"யாருக்குய்யா பயந்து இப்படிச் சொன்னே?"

"கையெழுத்துதான் பயந்து போட்டேன். இன்னிக்குச் சொன்னது பயந்து இல்ல."

"அந்தப் பொண்ணோட அப்பா முகத்துல எப்படி முழிப்பே?"

கூட்டம் சட்டென்று வழிவிட்டது. வந்ததே அவர்தான்.

"ரெண்டு அறை விடுங்க சார்! நாங்க இருக்கோம்!" என்று யாரோ உசுப்பேற்றினார்கள்.

அவள் கண்ணை இறுக்கி மூடிக்கொண்டாள். அறை விழவில்லை. மெல்லத் திறந்து பார்த்தாள். அவர் அவன் கைகள் இரண்டையும் பிடித்துக்கொண்டு நின்றார்.

"மனசு கேக்காம போன வாரமே என்கிட்ட வந்து அழுதுட்டார். கோர்ட்ல போய்ச் சொல்லுங்கன்னு அனுப்பினதே நான்தான்" என்றவர், கூட்டத்தின் பக்கம் திரும்பினார்.

"கெடைச்சவனைத் தூக்குல போட்டுட்டு, என் மகளைக் கொன்னவனை நிம்மதியாத் தூங்க விடச் சொல்றீங்களா?"