யானை மிதித்த எல்லை

வெண்குன்ற நாட்டுக்கும் கீழ்க்கரை நாட்டுக்கும் எல்லை வகுத்த அன்று அங்கே இருந்தவர்கள் பேரரசின் அதிகாரி மழவராயர், கீழ்க்கரைத் தலைவர் பூதன் காரி, வெண்குன்றத் தலைவர் சேந்தன், அவர் தம்பி அரட்டன், யானைப்பாகன் ஒருவன், அவனுடைய பெண் யானை.

எல்லைக்கற்களை வெள்ளம் கொண்டுபோய்விட்டது. அவை நின்ற இடம் மூத்தவரான சேந்தனுக்கு மட்டுமே தெரியும். அவர் முன்னே நடக்க, பின்னே யானை மிதித்து வரும் தடமே எல்லை என்பது வழக்கம்.

தம் குடும்பத்துத் தினைக்கொல்லை வந்ததும் சேந்தன் நின்றார். கதிர் முற்றியிருந்தது.

"அண்ணே, வேலியைச் சுத்திப் போயிரு. கொல்லை முழுசும் நம்ம பக்கம் நின்னுரும். யாருக்குத் தெரியப்போகுது?" என்று அரட்டன் காதோடு சொன்னான்.

"என்ன தலைவரே, முள்ளு தச்சிருச்சா?" என்று பூதன் காரி சிரித்தார்.

சேந்தன் மேலாடையை இடுப்பில் இறுக்கிக் கட்டினார். "எல்லை காட்ட வந்தவனுக்குத் தெரியும்டா" என்று தம்பியிடம் சொல்லிவிட்டுக் கொல்லையின் நட்டநடுவே நடந்தார். முதுகுக்குப் பின்னால் கதிர்கள் முறியும் ஓசை கேட்டது. அவர் திரும்பவில்லை. பாதிக் கொல்லை அன்றே கீழ்க்கரைக்குப் போயிற்று.

யானை மிரண்டு வழிதவறியதால்தான் அந்த நிலம் போனது என்று இன்றும் ஒரு பேச்சு உண்டு. யானை மிரளவில்லை. அது சேந்தனின் பின்னால்தான் வந்தது.