கலப்படமில்லாத இரண்டாம் பாகம்

அசாம் ஜாவா கிராமத்தில் தேன் விற்கும் மேகியின் வாசலில், அடிக்கட்டை ஒன்றின்மேல் உட்கார்ந்து, சினிமா இயக்குநர் ஆன்ட்ரூ தேனைத் தண்ணீரில் சொட்டினான். தீக்குச்சியைத் தேனில் தோய்த்துக் கொளுத்திப் பார்த்தான்.

“சுத்தமான காட்டுத்தேன்தான்க்கா. கலப்படம்னா எனக்கு ஆகவே ஆகாது.”

போகும்போது தன் நடனப் படத்தின் இரண்டாம் பாகத்துக்கு டிக்கெட் கொடுத்தான். “சின்ன பட்ஜெட்தான். ஆனா நாலு ஆட்டமும் புதுசா எடுத்தது!”

கோலா சிலாங்கூருக்குப் போய் மேகி படம் பார்த்தாள்.

மறுவாரம் ஆன்ட்ரூ அதே கட்டையில் உட்கார்ந்து, அடுத்த போத்தலுக்கும் தீக்குச்சி கேட்டான்.

“படம் எப்படிக்கா?”

“பிரமாதம்லா. நாலு ஆட்டத்துலயும் பின்னால எங்க பலாமரம் காய்ச்சுத் தொங்குதே!”

“அழகான மரம்க்கா.”

மேகி தீப்பெட்டியை நீட்டினாள். “மொத பாகம் இங்க எடுத்துட்டுப் போன மறுவாரமே அத வெட்டிட்டோம் தம்பி. நீங்க உக்காந்திருக்கிறது அதுமேலதான்.”