இரண்டு கையெழுத்து

வங்கி அதிகாரி ஷர்மினி கணினியைத் திருப்பிக் காட்டினாள். “நீங்க ரெண்டு பேரும் கையெழுத்துப் போட்டு எடுத்த வீட்டுக் கடனுக்கு, பத்து வருஷமா கட்டினதுல முக்காவாசி வட்டிக்கே போயிருச்சு சார். இன்னும் இருபத்தஞ்சு வருஷம் இருக்கு.”

ரூபேந்திரன் நாற்காலியை முன்னால் இழுத்துக்கொண்டான். “தம்போய்ல இருக்கிற அந்த வீட்ட இப்பவே வித்துட்டா?”

“இன்னிக்கு விலைக்கு வித்தாலும் கடன் அடையாது லா.”

நடுவில் ஒரு நாற்காலியைக் காலியாக விட்டு உட்கார்ந்திருந்த லோஷினி கேட்டாள். “மாசாமாசம் கூடக் கட்டினா சீக்கிரம் முடியுமா மிஸ்? நான் ஓவர்டைம் செய்றேன்.”

“நானும் செய்றேன்,” என்றான் ரூபேந்திரன் அவசரமாக.

ஷர்மினி நெகிழ்ந்துபோனாள். “வீட்டுக்காக இவ்வளவு ஒத்துமையா இருக்கிற புருஷன் பெஞ்சாதிய நான் பாத்ததே இல்ல!”

லோஷினி ஜன்னல் பக்கம் திரும்பிக்கொண்டாள்.

“கோர்ட்டு டிவோர்ஸ் கொடுத்து ரெண்டு வருஷமாச்சு மிஸ்,” என்றான் ரூபேந்திரன். “உங்க பேங்குதான் எங்களப் பிரிய விடமாட்டேங்குது.”